நடக்கக் கற்றுக்கொடுக்க வேண்டாம், தரையில் விடுங்கள்

குழந்தைக்குப் பத்து மாதம் ஆனதும் வீட்டில் எல்லோருக்கும் ஒரு அவசரம் தொற்றிக்கொள்ளும். ஒருவர் அதன் இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்து நட நட என்று இழுத்துக்கொண்டு போவார், இன்னொருவர் சக்கரம் வைத்த வாக்கர் ஒன்றை வாங்கி வந்து நிறுத்துவார், மூன்றாமவர் யாரோ ஒருவரின் பிள்ளை ஒன்பதாம் மாதமே ஓடியதாகச் செய்தி கொண்டுவருவார். நானும் அந்தக் கூட்டத்தில் ஒருவன்தான். மூத்தவளைக் கைபிடித்து நடத்தி நடத்தி முதுகு ஒடிந்தது. இளையவன் வந்தபோது அதற்கெல்லாம் தெம்பு இல்லாமல் தரையில் விட்டுவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். இரண்டு பேரும் நடந்த வயதில் இரண்டு வாரம்கூட வித்தியாசம் இல்லை, என் முதுகுக்குத்தான் வித்தியாசம் தெரிந்தது.

இரண்டு பிள்ளைகளை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது, சரி. ஆனால் நிற்பதும் நடப்பதும் எப்படி வருகிறது என்று படிக்கப் படிக்க, குழந்தை தன் உடம்பை வைத்துத் தானே ஆயிரம் தடவை சோதித்துப் பார்த்துத்தான் நடையைக் கண்டுபிடிக்கிறது என்பது புரிந்தது. இடம் விடுவது, ஆபத்தான பொருளை விலக்குவது, தேவையில்லாமல் தூக்கிப் பிடிக்காமல் இருப்பது, நம் பங்கு அவ்வளவுதான். அதை எந்தக் கட்டத்தில் எப்படிச் செய்வது என்பதைத்தான் கீழே எழுதியிருக்கிறேன்.

நடப்பது ஏன் இவ்வளவு கஷ்டம்

நாம் யோசிக்காமல் செய்வதால் நடை சுலபமாகத் தெரிகிறது. ஒவ்வொரு அடியிலும் ஒரு கால் தரையை விட்டு எழும்பும் நேரத்தில் மொத்த உடம்பும் மற்ற காலின் மேல் நிற்க வேண்டும், எடை முன்னால் சாய்ந்து விழப்போகிற சமயத்தில் எழும்பிய கால் சரியான இடத்தில் வந்து தாங்க வேண்டும். பிறந்த குழந்தைக்குத் தலையே உடல் நீளத்தில் கால் பங்கு. ஒரு வயதில் அந்தக் கணக்கு கொஞ்சம் மாறினாலும் மேல்பாரம் மேல்பாரம்தான், பாதமோ ரொம்பச் சின்னது. இதோடு கண் காட்டுவதும், உள்காதில் இருக்கும் சமநிலை உறுப்பு சொல்வதும், பாதத்திலிருந்தும் மூட்டிலிருந்தும் வரும் உணர்வும் ஒன்றோடொன்று ஒத்துப்போக வேண்டும். மூளையிலிருந்து காலுக்குப் போகும் நரம்புகளின் மேல் மையலின் என்ற கொழுப்பு உறை படியப் படியத்தான் கட்டளை வேகமாகப் போய்ச்சேரும், அந்த வேலை இரண்டு வயது வரையிலும் அதற்குப் பிறகும் நடந்துகொண்டே இருக்கும். கட்டுப்பாடு பெரும்பாலும் மேலிருந்து கீழே இறங்குகிறது. கழுத்து, தோள், முதுகு, இடுப்பு, கடைசியில் பாதம்.

அப்படியானால் நரம்பு முதிரும்வரை காத்திருந்தால் போதுமா என்றால், அதுவும் முழுக்கச் சரியில்லை. பிறந்து சில நாளே ஆன குழந்தையை அக்குளில் தாங்கிப் பாதம் தரையில் படும்படி பிடித்தால் கால் மாற்றி மாற்றி எட்டு வைக்கும். இரண்டு மாத வாக்கில் இது மறைந்துவிடும். வளர்கிற மூளை அந்த அனிச்சைச் செயலை அடக்கிவிடுகிறது என்றுதான் வெகுகாலம் நம்பினார்கள். எஸ்தர் தெலன் என்ற அமெரிக்க உளவியலாளருக்கு 1980களில் ஒரு சந்தேகம் வந்தது. மல்லாந்து கிடக்கும்போது அதே குழந்தை அதே தாளத்தில் உதைத்துக்கொண்டுதானே இருக்கிறது, தூக்கி நிறுத்தினால் மட்டும் ஏன் கால் ஓய்ந்துவிடுகிறது? கால்கள் தண்ணீருக்குள் இருக்கும்படி குழந்தைகளைப் பிடித்துப் பார்த்தார், எட்டு வைப்பது மறுபடி பெருகியது. கால்களில் சின்ன எடையைக் கட்டிப் பார்த்தார், எட்டு வைப்பது குறைந்தது. அந்த மாதங்களில் காலில் தசை கூடுவதைவிடக் கொழுப்பு வேகமாகக் கூடுகிறது, கனத்துப்போன காலைத் தூக்கத் தெம்பு இல்லை. மூளை எதையும் பூட்டிவைக்கவில்லை.

எனக்கு இந்தச் சோதனையில் பிடித்த விஷயம் இது நம் வேலையையும் சொல்லிவிடுவதுதான். நரம்போடு தசை பலமும் உடல் அளவும் காலுக்குக் கீழே இருக்கும் தரையும் சேர்ந்தே நடையைத் தீர்மானிக்கின்றன. ஆகவே மல்லாந்து படுத்து உதைப்பதுகூடப் பயிற்சி. காலை நீட்டி இறுக்கமாகத் துணியால் சுற்றி நாள் முழுக்கக் கிடத்தினால் அந்தப் பயிற்சி போய்விடும், இடுப்பு மூட்டுக்கும் கெடுதல். சுற்றத்தான் வேண்டுமென்றால் கால் பகுதியைத் தவளைக் கால்போல மடங்கி விரிய இடம் இருக்கும்படி தளர்வாகச் சுற்றுங்கள்.

முதல் ஆறு மாதம்: குப்புறப் போடுங்கள்

விழித்திருக்கும்போது, நீங்கள் பக்கத்தில் இருக்கும்போது, தினமும் குப்புறப் படுக்க வையுங்கள். பிறந்த முதல் நாட்களிலேயே தொடங்கலாம். ஒரு தடவைக்கு மூன்று முதல் ஐந்து நிமிடம், நாளுக்கு இரண்டு மூன்று தடவை போதும், பிறகு மெல்லக் கூட்டிக்கொண்டே போகலாம். பால் குடித்த உடனே வேண்டாம், கக்கிவிடும். பெரும்பாலான குழந்தைகள் ஆரம்பத்தில் இதை வெறுக்கும், மூக்கைத் தரையில் தேய்த்துக்கொண்டு அழும். அப்போது நீங்கள் மல்லாந்து சாய்ந்து உங்கள் மார்பின் மேல் போட்டுக்கொள்ளுங்கள், உங்கள் முகத்தைப் பார்ப்பதற்காகத் தலையைத் தூக்கும், அதுவும் கணக்கில் சேர்த்திதான். துண்டைச் சுருட்டி நெஞ்சுக்குக் கீழே கொடுத்து முழங்கைகளை முன்னால் கொண்டுவந்து வைப்பதும் உதவும். எல்லாவற்றையும்விட நன்றாக வேலை செய்வது நீங்களும் எதிரில் குப்புறப் படுத்துக்கொள்வது. பார்க்கிறவர்கள் சிரிப்பார்கள், இருக்கட்டும்.

தூங்கவைக்கும்போது மட்டும் கண்டிப்பாக மல்லாந்துதான். குப்புறத் தூங்கினால் தூக்கத்திலேயே திடீரென உயிர் போகும் ஆபத்து கூடுகிறது என்பதால் இதில் பேரமே கிடையாது. மல்லாந்து தூங்கிப் பழகிய குழந்தைகள் புரள்வதும் தவழ்வதும் சற்றுப் பிந்துகிறது என்று 1990களில் செய்த ஆய்வில் தெரிந்தது, ஆனால் நடக்கத் தொடங்கிய வயதில் வித்தியாசம் இல்லை.

நான்கு மாத வாக்கில் தலை ஆடாமல் நிற்கும். அப்புறம் முழங்கையை ஊன்றி நெஞ்சைத் தூக்குவது, உள்ளங்கையை ஊன்றிக் கையை நிமிர்த்துவது, ஒரு கையில் எடையைச் சாய்த்துவிட்டு மறுகையால் பொம்மையை எட்டிப் பிடிப்பது என்று போகும். இந்தக் கடைசி விஷயத்தைக் கவனித்துப் பாருங்கள். எடையை ஒரு பக்கம் மாற்றினால்தான் மறுபக்கம் விடுதலையாகும் என்பதைக் குழந்தை முதன்முதலில் இங்கேதான் கற்கிறது. நடையும் இதேதான், அங்கே கைக்குப் பதில் கால். அதனால் பொம்மையைக் கையில் கொடுத்துவிடாமல் கொஞ்சம் எட்டாத தூரத்தில், நேர் முன்னால் இல்லாமல் சற்றே பக்கவாட்டில் வையுங்கள். எட்டவே முடியாத தூரத்தில் வைத்து அழவிடச் சொல்லவில்லை, இரண்டு முயற்சியில் கைக்குக் கிடைக்க வேண்டும்.

உட்காருவது, தவழ்வது

உட்காருவதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தலையணைகளை அடுக்கி நடுவில் செருகி வைத்தால் படம் எடுக்க நன்றாக இருக்கும், குழந்தைக்கு அதில் வேலை ஒன்றும் இல்லை. தரையில் உங்கள் இரண்டு கால்களுக்கு நடுவே உட்காரவைத்து, இடுப்பை மட்டும் லேசாகப் பிடியுங்கள். முதலில் தன் கைகளையே முன்னால் ஊன்றிக்கொள்ளும், பிறகு ஒரு கை, பிறகு கையே வேண்டாம். உட்கார்ந்தபடி பக்கவாட்டில் திரும்பிப் பொருளை எடுக்க வையுங்கள், அந்தத் திருப்பத்திலிருந்துதான் கை ஊன்றித் தவழும் நிலைக்குப் போகக் கற்றுக்கொள்ளும். உட்காரவைக்கும் இருக்கை, ஊஞ்சல், குதிக்கும் தொட்டில் எதுவானாலும் சமையல் முடிகிற வரைக்கும் என்று பயன்படுத்துங்கள், நாளின் பெரும்பகுதி அதில் போகக் கூடாது.

தவழ்வதற்கு முன்னால் கை முட்டி ஊன்றி முன்னும் பின்னும் ஆடும். கையை ஊன்றித் தலை நிமிர்த்தி ஆடுகிற இந்த ஆட்டத்துக்குச் செங்கீரை என்று தமிழில் தனிப் பெயரே இருக்கிறது, அந்த அளவுக்கு யாரோ உட்கார்ந்து கவனித்திருக்கிறார்கள். ஆடிக்கொண்டே இருந்துவிட்டு ஒரு நாள் முன்னால் போவதற்குப் பதில் பின்னால் போகும், காலைவிடக் கை பலமாக இருப்பதால். பொம்மை தூரம் போகப் போக அதற்குக் கோபம் வரும். பாதத்துக்குப் பின்னால் உங்கள் உள்ளங்கையை வைத்தால் அதை உதைத்து முன்னால் போய்விடும்.

தவழாமலே நடந்தால் என்ன ஆகும் என்பது பலருக்கும் இருக்கிற கவலை. உலக சுகாதார நிறுவனம் கானா, இந்தியா, நார்வே, ஓமன், அமெரிக்கா ஆகிய ஐந்து நாடுகளில் 816 குழந்தைகளைத் தொடர்ந்து கவனித்து 2006ல் வெளியிட்ட அளவீட்டில், 4 சதவீதத்துக்குச் சற்று மேற்பட்ட குழந்தைகள் கை முட்டி ஊன்றித் தவழவே இல்லை, அப்படியே அடுத்த கட்டத்துக்குப் போய்விட்டார்கள். சில குழந்தைகள் வயிற்றால் நகரும், சில உட்கார்ந்தபடியே பின்பக்கத்தால் நகரும், இந்தக் கடைசி வகை நடப்பதற்குச் சற்று நாளாகும். ஆனாலும் தவழ்கிற குழந்தையை நிறுத்தி நடக்கவைக்க முயல்வது எனக்குச் சரியாகப் படவில்லை. தோள், இடுப்பு, வயிற்றுத் தசை எல்லாவற்றுக்கும் அது நல்ல பயிற்சி. தலையணையைத் தரையில் போட்டு அதன் மேல் ஏறி இறங்க விடுங்கள், மேசைக்கு அடியில் புகுந்து வரச் செய்யுங்கள், நீங்களும் பின்னால் தவழ்ந்து துரத்துங்கள்.

எழுந்து நிற்பது, அதைவிட முக்கியமாக உட்காருவது

எட்டு ஒன்பது மாத வாக்கில் கையில் கிடைத்ததைப் பிடித்து எழும். முதலில் முழுக்கக் கையால் இழுத்துத் தொங்கிக்கொண்டு எழும், இரண்டு காலும் குச்சிபோல விறைத்திருக்கும். சில வாரம் போனால் முட்டி போட்டு, ஒரு பாதத்தை மட்டும் முன்னால் ஊன்றி, அந்தக் காலால் தள்ளி எழும். இந்த மாற்றம்தான் கால் பலப்படுகிறது என்பதற்கு அடையாளம். எப்போதும் ஒரே காலையே முன்னால் வைக்கிறதா, இரண்டும் மாறி மாறி வருகிறதா என்று ஒரு கண் வைத்திருங்கள்.

இதற்கு நீங்கள் ஏற்பாடு செய்ய வேண்டியது குழந்தையின் நெஞ்சு உயரத்துக்கு உறுதியான ஏதாவது ஒன்று. சோபா, ஆடாத தாழ்ந்த மேசை, கனமான பெட்டி. மேலே ஒரு பொம்மை. அதற்கு முன்னால் வீட்டை ஒரு தடவை முட்டி போட்டுச் சுற்றி வாருங்கள். புத்தக அலமாரி, இழுப்பறைப் பெட்டி, தொலைக்காட்சி இவற்றைச் சுவரோடு சேர்த்துப் பிணைத்துவிடுங்கள். குழந்தை இழுப்பறையைத் திறந்து அதன் மேல் ஏறினால் பெட்டி முழுக்க அதன் மேலேயே சாயும். மேசை விரிப்பை எடுத்துவிடுங்கள், அதைப் பிடித்துத்தான் எழும். தொங்கும் மின்கம்பி, சூடான பாத்திரம், மூலையில் நிற்கும் மடக்கு நாற்காலி எல்லாம் அதே கணக்கு.

எழுந்து நின்ற குழந்தைக்கு உட்காரத் தெரியாது. பலரும் இதை எதிர்பார்ப்பதில்லை. நின்றுகொண்டே கால் நடுங்கி அழும், நாம் எடுத்து உட்காரவைப்போம், உடனே மறுபடி எழும், மறுபடி அழும், நடு ராத்திரி தொட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு இதே கூத்து நடக்கும். ஒவ்வொரு தடவையும் தூக்கி உட்காரவைக்காதீர்கள். முட்டிக்குப் பின்னால் விரலால் மெல்ல அழுத்தினால் முட்டி மடங்கும், இடுப்பில் ஒரு கையைத் தாங்கலாக வைத்து மெதுவாக இறங்க விடுங்கள். இல்லையென்றால் பொம்மையைக் காலடியில் போடுங்கள், ஒரு கையால் பிடித்துக்கொண்டு மறுகையால் எடுக்கக் குனியும், அந்தக் குனிதலிலேயே முட்டி மடக்கப் பழகிவிடும். பகலில் இதைப் பத்து தடவை செய்தால் சில நாளில் ராத்திரியும் நிம்மதி. கீழே இறங்கத் தெரிந்த குழந்தை விழும்போதும் பின்பக்கமாக உட்கார்ந்து விழும், மரம்போலச் சாயாது.

பிடித்துக்கொண்டு நடக்கும் காலம்

சோபாவைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் நண்டுபோல நகரும் இந்தக் கட்டம் சில வாரமும் நீடிக்கலாம், சில மாதமும் நீடிக்கலாம், அவசரப்படுத்த வேண்டாம். எடையை ஒரு காலுக்கு மாற்றி மறுகாலை எடுத்துவைப்பது, இடுப்பின் பக்கத் தசைகளைப் பலப்படுத்துவது, எல்லாம் இங்கே நடக்கிறது.

பார்க்க நடை மாதிரியே இருந்தாலும் குழந்தையின் மனக்கணக்கில் இது காலால் செய்கிற வேலை இல்லை, கையால் செய்கிற வேலை. நியூயார்க் பல்கலைக்கழகத்தின் காரன் அடால்ஃபும் அவருடன் வேலை செய்தவர்களும் பிடித்து நடக்கும் குழந்தைகளுக்கு இரண்டு விதமான இடைவெளியை வைத்துப் பார்த்தார்கள். கைப்பிடியில் இடைவெளி விட்டபோது அது தன் கை எட்டுமா என்று சரியாகக் கணித்தது, தரையில் இடைவெளி விட்டபோது கைப்பிடியைப் பிடித்தபடி அந்தப் பள்ளத்திலேயே காலை விட்டது. காலுக்குக் கீழே என்ன இருக்கிறது என்பது இன்னும் அதன் கணக்கில் வரவில்லை. அதனால்தான் இந்தக் காலத்தில் குழந்தை கண் முன்னால் கிடக்கும் பொம்மை மேலேயே கால் வைத்து விழுகிறது, படிக்கட்டு விளிம்பிலும் அதே மாதிரி கால் வைக்கும். படிக்கு மேலும் கீழும் தடுப்பு போட வேண்டிய நேரம் இதுவே, நடந்த பிறகு என்று தள்ளிப்போடாதீர்கள்.

செய்ய வேண்டியது இடைவெளிகளோடு விளையாடுவது. சோபாவையும் மேசையையும் ஒட்டிப்போட்டு முதலில் ஒன்றிலிருந்து ஒன்றுக்கு நகர விடுங்கள். பிறகு நாலு விரல்கடை தள்ளுங்கள், பிறகு ஒரு கை நீளம், பிறகு ஒரு கையை விட்டுவிட்டுத்தான் மறுகை எட்டும் என்கிற தூரம். கடைசியில் ஒரு நொடி எதையும் பிடிக்காமல் கடக்க வேண்டிய தூரம் வரும், அந்த நொடி உங்களுக்குத் தெரிந்துவிடும், அதற்குத் தெரியாது. சுவரை உள்ளங்கையால் தடவிக்கொண்டு நடக்கவும் விடுங்கள், பிடிக்க எதுவும் இல்லாததால் சோபாவைவிடச் சுவர் ஒரு படி கடினம்.

தனியாக நிற்பது பெரும்பாலும் தற்செயலாக நடக்கும். சோபாவில் வயிற்றைச் சாய்த்து நிற்கும்போது இரண்டு கையாலும் பிடிக்க வேண்டிய ஒரு பெரிய பந்தைக் கொடுத்துப் பாருங்கள். அதில் மூழ்கிப்போய் சாய்ந்திருப்பதை மறந்து நிற்கும். கைதட்டி ஆரவாரம் செய்து கெடுத்துவிடாதீர்கள், நான் கெடுத்திருக்கிறேன். தான் தனியாக நிற்பது தெரிந்த கணத்தில் மூத்தவள் பொத்தென்று உட்கார்ந்துவிட்டாள்.

கை பிடிப்பது, வாக்கர், காலணி

கைபிடித்து நடத்துவது பாவம் ஒன்றும் இல்லை, குழந்தைக்கும் பிடிக்கும், ஆனால் அதைப் பயிற்சி என்று நினைக்க வேண்டாம். இரண்டு கையையும் மேலே தூக்கும்போது எடையின் ஒரு பகுதியை நீங்கள் தாங்குகிறீர்கள், உடம்பு முன்னால் சாய்கிறது, சமநிலையைப் பார்த்துக்கொள்ளும் வேலை உங்களுக்கு வந்துவிடுகிறது. பிடிக்கத்தான் வேண்டுமென்றால் குழந்தையின் தோளுக்குக் கீழே கை இருக்கும்படி பிடியுங்கள், நீங்கள் எதிரில் முட்டி போட்டுக்கொண்டு. இன்னும் நல்லது இடுப்பின் இரண்டு பக்கமும் உள்ளங்கையை வைத்து, சாயும்போது மட்டும் தொடுவது. பிறகு ஒரு கை. பிறகு ஒரு சின்னத் துண்டின் ஒரு முனையை அது பிடிக்க மறுமுனையை நீங்கள் பிடிப்பது, துண்டு எடையைத் தாங்காது, தைரியம் மட்டும் கொடுக்கும்.

உள்ளே உட்காரவைத்துத் தொங்கவிடும் சக்கர வாக்கரை வாங்காதீர்கள், யாராவது கொடுத்தால் நன்றி சொல்லிவிட்டு மேலே ஏற்றிவிடுங்கள். இதில் எனக்கு இரண்டு மனமே கிடையாது. அதற்குள் குழந்தை கால் நுனியால் தரையைத் தள்ளுகிறது, விழவே முடியாததால் சமநிலைக்கு வேலை இல்லை, முன்னால் இருக்கும் தட்டு மறைப்பதால் தன் காலையே பார்க்க முடிவதில்லை. அயர்லாந்தில் செய்து 2002ல் வெளியான ஓர் ஆய்வில், வாக்கரில் கழிந்த மொத்த நேரம் ஒவ்வொரு 24 மணிக்கும் தனியாக நிற்பது 3.7 நாளும் தனியாக நடப்பது 3.3 நாளும் பிந்துவதோடு சேர்ந்து வந்தது. சில நாள் பிந்துவது பெரிய விஷயம் இல்லைதான். பெரிய விஷயம் விபத்து. நொடிக்கு ஒரு மீட்டருக்கு மேல் ஓடும் அந்த வண்டியில் குழந்தை படிக்கட்டை அடைந்துவிடும், அடுப்பை எட்டிவிடும், நீங்கள் பக்கத்திலேயே இருந்தாலும் பிடிக்க முடியாது. கனடா 2004லேயே அதன் விற்பனையைத் தடைசெய்துவிட்டது.

பின்னால் நின்று தள்ளிக்கொண்டு போகும் நடைவண்டி வேறு ரகம். அதில் தன் எடையைத் தானே தாங்க வேண்டும். சக்கரம் வழுக்கிக்கொண்டு ஓடினால் வண்டியில் கனமாக எதையாவது வைத்து வேகத்தைக் குறையுங்கள். துணி போடும் கூடையில் புத்தகங்களை நிரப்பித் தள்ளவிட்டாலும் அதே பயன். எங்கள் வீட்டில் அதுதான் ஓடியது, தரையெல்லாம் கீறல்.

வீட்டுக்குள் வெறுங்கால். பாதத்தின் அடியிலிருந்து வரும் உணர்வு சமநிலைக்குத் தேவை, விரல்கள் தரையைக் கவ்வவும் வேண்டும். வழுவழு தரையில் காலுறை மட்டும் போட்டு விடாதீர்கள், சறுக்கும். வெளியே போகும்போது வளையக்கூடிய, அடி மெல்லிய, விரல் விரிய இடம் இருக்கும் காலணி போதும், கணுக்காலைக் கெட்டியாகக் கவ்வும் உயரக் காலணி நடையைச் சீக்கிரம் கொண்டுவராது. டயப்பரும் நடையைப் பாதிக்கிறது. 2012ல் வெளியான ஒரு சோதனையில், அதே குழந்தைகள் ஒன்றும் கட்டாமல் நடந்தபோது இருந்ததைவிட டயப்பரோடு நடந்தபோது தடுமாற்றமும் விழுதலும் கூடின, தடித்த துணி டயப்பர் இன்னும் மோசம். தினமும் கொஞ்ச நேரமாவது அது இல்லாமல் நடக்க விடுங்கள், துடைக்கத் துணியோடு தயாராக இருங்கள்.

முதல் அடியும் அதற்குப் பிறகும்

முதல் அடிகளில் கால் அகல விரிந்திருக்கும், பாதம் முழுசாகத் தட்டென்று தரையில் விழும், கைகள் தோளுக்கு மேலே தூக்கி நிற்கும். எல்லாம் சமநிலைக்காக. பழகப் பழகக் கால்கள் நெருங்கும், அடி நீளும், கை இறங்கும், ஒன்றரை வயது வாக்கில் குதிகால் முதலில் படுவதும் கை வீசுவதும் வரும்.

விழும், நிறைய விழும். அடால்ஃப் குழு 2012ல் வெளியிட்ட கணக்குப்படி 12 முதல் 19 மாதக் குழந்தைகள் விளையாடும் நேரத்தில் சராசரியாக ஒரு மணிக்கு 2,368 அடி வைத்தார்கள், 17 தடவை விழுந்தார்கள். ஏறக்குறைய மூன்றரை நிமிடத்துக்கு ஒரு தடவை! அதே ஆய்வில் இன்னொன்றும் தெரிந்தது. எவ்வளவு நடமாடுகிறது என்பதைக் கணக்கில் எடுத்தால், புதிதாக நடக்கும் குழந்தை தேர்ந்த தவழும் குழந்தையைவிட அதிகமாக விழுவதில்லை, ஆனால் அதைவிட அதிக தூரம் போகிறது. தவழ்ந்து நன்றாக ஓடிக்கொண்டிருந்ததை விட்டுவிட்டு ஏன் தள்ளாடத் துணிகிறது என்ற கேள்விக்கு இதைவிட நல்ல பதிலை நான் பார்த்ததில்லை. ஆகவே ஒவ்வொரு விழுதலுக்கும் ஐயோ என்று பாய்ந்து தூக்காதீர்கள். தலையில் அடிபடவில்லை என்றால் ஒரு மூச்சு விடும் நேரம் பொறுத்துப் பாருங்கள், பாதி தடவை அது உங்கள் முகத்தைப் பார்த்துத்தான் அழுவதா வேண்டாமா என்று முடிவு செய்கிறது.

கொஞ்ச தூரத்தில் உட்கார்ந்து கை நீட்டி வா என்று கூப்பிடுவது நல்ல விளையாட்டு, ஆனால் நேர்க்கோட்டு நடை நடையில் ஒரு சின்னப் பகுதிதான். தானாக நடக்கும்போது குழந்தை இரண்டு அடி வைத்து நிற்கும், திரும்பும், பின்னால் போகும், காரணமே இல்லாமல் வட்டமடிக்கும். பல விதமான தரை கொடுங்கள்: பாய், புல், மணல், லேசான சரிவு. நாம் சரிவில் மட்டும் கூடவே இருக்க வேண்டும். தவழும் காலத்தில் எந்தச் சரிவு ஆபத்து என்று வாரக்கணக்கில் கற்றுக்கொண்ட அதே குழந்தை, நடக்கத் தொடங்கியதும் அந்த அறிவை நடைக்குக் கொண்டுவருவதில்லை, செங்குத்தான சரிவிலும் நேராக இறங்கப் பார்க்கும், மறுபடி முதலிலிருந்து கற்கும். தவழும்போது கட்டில் ஓரத்தில் நின்றுவிடுவானே, இப்போதும் நிற்பான் என்று நம்ப வேண்டாம். கட்டிலிலிருந்தும் படியிலிருந்தும் காலைப் பின்பக்கமாகத் தொங்கவிட்டு இறங்கக் கைபிடித்துக் காட்டிக்கொடுங்கள். எதையும் கற்றுக்கொடுக்க வேண்டாம் என்று சொன்ன நானே கற்றுக்கொடுக்கச் சொல்வது இந்த ஒன்றைத்தான்.

எப்போது மருத்துவரிடம் காட்ட வேண்டும்

அதே உலக சுகாதார நிறுவன அளவீட்டில், பிடிக்காமல் தனியாக நிற்பது 6.9 மாதத்திலிருந்து 16.9 மாதம் வரையிலும், தனியாக நடப்பது 8.2லிருந்து 17.6 மாதம் வரையிலும் பரவிக் கிடந்தது. இவ்வளவு அகலமான வரம்பில் எங்கே விழுந்தாலும் இயல்புதான், சீக்கிரம் நடந்த குழந்தை புத்திசாலி என்பதற்கு உறுதியான ஆதாரம் இல்லை. குறைமாதத்தில் பிறந்திருந்தால் இரண்டு வயது வரை பிறந்த தேதியை விட்டுவிட்டுப் பிறந்திருக்க வேண்டிய தேதியிலிருந்து எண்ணுங்கள். எட்டு வாரம் முன்னால் பிறந்த குழந்தை பன்னிரண்டாம் மாதத்தில் செய்வதைப் பத்து மாதக் குழந்தையோடுதான் ஒப்பிட வேண்டும்.

ஒன்பது மாதம் முடிந்தும் தாங்கல் இல்லாமல் உட்காராவிட்டால், நிறுத்திப் பிடித்தாலும் காலில் எடையே கொடுக்காவிட்டால், பதினெட்டு மாதம் ஆகியும் தனியாக நடக்காவிட்டால் குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். சில விஷயங்களுக்கு வயது பார்க்கவே வேண்டாம், உடனே போகலாம்: ஒரு பக்கக் கையையோ காலையோ இழுத்துக்கொண்டு போவது, ஒரு வயதுக்கு முன்பே ஒரே கையை மட்டும் பயன்படுத்துவது, கால் எப்போதும் விறைத்துக் கத்தரிக்கோல்போலக் குறுக்கே போவது, உடம்பு துணிபோலத் துவண்டு கிடப்பது, ஒரு கால் நீளம் குறைந்து தெரிவது அல்லது நொண்டுவது, ஏற்கெனவே செய்ததை மறந்துவிடுவது. இதில் கடைசியானதை ஒரு நாளும் தள்ளிப்போடாதீர்கள். மருத்துவர் வளர்ந்தால் சரியாகிவிடும் என்று சொல்லி அனுப்பியும் மனசு ஆறவில்லை என்றால் குழந்தை நடமாடுவதைக் கைப்பேசியில் வீடியோ எடுத்து இன்னொருவரிடம் காட்டுங்கள், அறைக்குள் போனதும் குழந்தை எதுவும் செய்யாமல் அழுதுகொண்டிருக்கும் என்பதால் வீடியோதான் பேசும்.

கவலைப்படத் தேவையில்லாதவையும் இருக்கின்றன. பாதத்தில் வளைவு தெரியாமல் தட்டையாக இருப்பது, அங்கே கொழுப்புத் திண்டு இருப்பதால். கால் வில்போல வெளியே வளைந்திருப்பது பெரும்பாலும் இரண்டு வயதுக்குள் நிமிரும், மூன்று நான்கு வயதில் முட்டி உள்பக்கம் இடிப்பதுபோலக்கூட ஆகும், பிறகு அதுவும் சரியாகும். அவ்வப்போது நுனிக்காலில் நடப்பது இரண்டு வயது வரை சாதாரணம், குதிகாலைக் கீழே வைக்கவே முடியவில்லை என்றால் மட்டும் காட்டுங்கள்.

நாலு அடி நடந்த குழந்தை காய்ச்சல் வந்தாலோ, புது இடத்துக்குப் போனாலோ, சும்மாவேகூட, ஒரு வாரம் மறுபடி தவழ்வதற்குத் திரும்பிவிடும், இது மேலே சொன்ன மறப்பில் சேராது. தவழும்போது கை கால் எல்லாம் பழையபடி நன்றாக அசைகிறது, உற்சாகமாக இருக்கிறது என்றால் விட்டுவிடுங்கள். காலைத் தொட்டால் அழுகிறது, ஒரு காலை ஊன்ற மறுக்கிறது என்றால் அது வேறு, எங்காவது விழுந்து எலும்பில் மெல்லிய விரிசல் விட்டிருக்கலாம், அன்றைக்கே கொண்டுபோய்க் காட்டிவிடுங்கள்.